அதிர்வும் செறிப்பும்

(மகாவீர் ஜயந்தி விழாவில் நிகழ்த்தப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



மனத்திலிருந்து எழும் தீய அதிர்வுகளையும், சுற்றுப்புறத்தில் உலவும் கேடான ஒலி அதிர்வுகளையும் உறிஞ்சிக்கொண்டு வீட்டைத் தூய்மையாக்கும் என்று சொல்லிப் பல பொருள்கள் இன்று விற்கப்படுகின்றன. கழுத்தில் அணியும் கரும்பதக்கம், செப்புக் கம்பியாலான கூர்ங்கோபுரம், கைப்பேசியின் முதுகில் ஒட்டும் வில்லை என அவற்றின் வடிவங்கள் பல. சமண இல்லங்களுக்குள்ளும் இவை வரத் தொடங்கியுள்ளன. வாங்குவோரை எள்ளுவது இவ்வுரையின் நோக்கமன்று. இரவெல்லாம் உறக்கமின்றித் தவிக்கும் மகனுக்காக ஒரு தாய் எதையும் வாங்குவாள். மேலும், அதிர்வு என்னும் சொல் சமணர் செவிக்கு அயலானதும் அன்று. அச்சொல் சித்தாந்தத்தில் என்ன பொருளில் நிற்கிறது, அறிவியலில் என்ன பொருளில் நிற்கிறது, கடையில் என்ன பொருளில் விற்கப்படுகிறது என்பவற்றைப் பிரித்துப் பார்ப்பதற்கே இவ்வேளை பயன்படட்டும்.

உடல், சொல், மனம் என்னும் மூன்றின் செயலே யோகம் என்று தத்துவார்த்த சூத்திரத்தின் ஆறாம் அத்தியாயம் தொடங்குகிறது. அவ்யோகம் ஆன்மப் பிரதேசங்களின் பரிஸ்பந்தமே என்று பூஜ்யபாதர் தம் சர்வார்த்த சித்தி உரையில் விளக்குகிறார். பரிஸ்பந்தம் என்பதைத் தமிழில் அதிர்வு என்றால் பிழையில்லை. அந்த அசைவே வினைத்துகள் உயிரை நோக்கி வருவதற்குரிய வாயில், அதுவே ஊற்று. வந்த துகள் ஒட்டுவதும் ஒட்டாது கழிவதும் சினம், செருக்கு, மாயை, பற்று என்னும் கஷாயங்களைப் பொறுத்தவை. எண்ணெய் பூசிய உடலில் புழுதி படிவதையும், உலர்ந்த சுவரில் எறிந்த மணல் உதிர்ந்துவிடுவதையும் உவமையாகக் கூறுவது ஆசாரியர் மரபு. இங்கே ஒன்றைக் கருதவேண்டும். சித்தாந்தம் பேசும் அதிர்வு அவரவர் உயிருக்கே உரியது. கடையில் பேசப்படும் அதிர்வோ எப்போதும் பிறருடையது: பொறாமைகொண்ட உறவினருடையது, பக்கத்து வீட்டாருடையது, அலைபேசிக் கோபுரத்தினுடையது. சொல் ஒன்றாயினும் பொருள் தலைகீழாகிவிட்டது.

ஒலியைப் பற்றிச் சமணம் கூறுவதும் ஆழ்ந்து நோக்கத்தக்கது. ஒலி ஆகாயத்தின் குணம் என்றனர் வைசேடிகர். சமண ஆசாரியர் அதனை மறுத்து, ஒலி புத்கலத்தின் ஒரு நிலை என்றனர். இருள், நிழல், வெயில், ஒளி ஆகியவற்றோடு சேர்த்து அதனையும் தத்துவார்த்த சூத்திரத்தின் ஐந்தாம் அத்தியாயம் எண்ணுகிறது. அதற்கு அவர்கள் காட்டிய காரணங்கள் எளியவை. ஒலியைச் சுவர் தடுக்கிறது, எதிர்காற்று திருப்பிவிடுகிறது, பேரொலி சிற்றொலியை அடக்குகிறது. அருவமானதற்கு இவை நிகழா. இக்கொள்கை தமிழ் இலக்கணத்திலும் ஏறியது. பவணந்தி முனிவர் 13ஆம் நூற்றாண்டில் இயற்றிய நன்னூல், எழுத்தொலிக்குக் காரணம் அணுத்திரளே என்று வரையறுக்கிறது. பள்ளியில் நன்னூல் பயின்ற தமிழர் ஒவ்வொருவரும், தாம் அறியாமலே, ஒரு சமணக் கொள்கையை மனப்பாடம் செய்தவராவர்! இன்றைய இயற்பியல் ஒலியைத் தனித்துகளாகக் கொள்வதில்லை; காற்று முதலிய பொருள்களின் வழியே செல்லும் அலையாகக் கொள்கிறது. இரண்டும் ஒன்றே என்று நிறுவ முயல்வது வீண். ஆயினும் பொருளின்றி ஒலியில்லை என்னும் அளவில் இரண்டும் உடன்படுகின்றன.

பொருள்வழிப்பட்டது என்பதால் ஒலியைத் தடுக்கவும் உறிஞ்சவும் இயலும். இதை அளந்து காட்டியவர் அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய வாலஸ் சபீன் என்னும் இளம் இயற்பியல் ஆசிரியர். அங்கு ஃபாக் கலைக்கூடத்தில் புதிதாக எழுப்பிய விரிவுரை மண்டபத்தில் பேசியவர் சொல் எவருக்கும் விளங்கவில்லை. ஒரு சொல் எழுந்தபின் ஐந்து வினாடிக்கும் மேலாக மண்டபத்துள் அலைந்துகொண்டிருந்தது. அதற்குள் அடுத்த பத்துச் சொற்கள் வந்து மோதின. குறையைத் தீர்க்குமாறு 1895இல் சபீனைப் பணித்தனர். அவர் பக்கத்து அரங்கின் இருக்கை மெத்தைகளை இரவில் சுமந்துவந்து பரப்பினார். ஓர் இசைக்குழாயை ஒலிக்கச் செய்து நிறுத்தி, ஒலி அடங்கும் நேரத்தை நிறுத்துகடிகாரத்தால் அளந்தார். சில மெத்தைகள், பல மெத்தைகள் என மாற்றி மாற்றி அளந்தார். விடியுமுன் அவற்றைத் திரும்பக் கொண்டுபோய் வைத்தார். மெத்தை மிகுந்தால் எதிரொலி குறைந்தது. கூடியிருக்கும் மனித உடல்களும் ஒலியை உறிஞ்சுவதை அவர் கண்டார். திறந்த சாளரம் ஒன்று தன் பரப்பில் விழும் ஒலி முழுவதையும் வெளியே விட்டுவிடுவதால் அதனையே அளவுகோலாகக் கொண்டார். இன்றும் அரங்கம் கட்டுவோர் அவர் வகுத்த வாய்பாட்டையே முதலில் எடுக்கின்றனர்.

மெத்தைக்குள் புகுந்த ஒலி எங்கே போயிற்று? நூலிழைகளுக்கு இடையே காற்று உராய்ந்து மிக மிகச் சிறிதளவு வெப்பமாயிற்று. ஜினாலயத்து மணியை அடித்துவிட்டு அதன் விளிம்பை உள்ளங்கையால் பற்றினால் நாதம் அடங்குவதும் இவ்வாறே. குமரி மாவட்டத்தார்க்குச் சுசீந்திரம் தாணுமாலயன் கோயில் அலங்கார மண்டபத்தின் இசைத்தூண்கள் நன்கு தெரியும். ஒரே கல்லில் குடைந்தெடுத்த மெல்லிய தூண்கள் தட்டியவுடன் வெவ்வேறு சுரத்தில் ஒலிக்கின்றன. கல்லும் அதிரும், அவ்வதிர்வு மெல்ல மெல்லக் கல்லிலும் காற்றிலும் கரையும். இதில் மறைபொருள் ஏதுமில்லை.

ஆனால் உறிஞ்சுவதற்கு அளவு உண்டு. மெல்லிய கீச்சொலியை ஓர் அங்குலப் பஞ்சு விழுங்கிவிடும். முரசின் கனத்த ஒலிக்கோ அதைப்போலப் பன்மடங்கு தடிப்பு வேண்டும். அறைக்குள் ஒட்டும் பஞ்சு அந்த அறையின் எதிரொலியைக் குறைக்குமேயன்றித் தெருவின் இரைச்சலைத் தடுக்காது. அதற்குக் கனத்த சுவரும் இடைவெளியில்லாக் கதவும் தேவை. எதிர் அலையை எழுப்பி இரைச்சலைத் தணிக்கும் காதணிக் கருவிகள் இன்று உள்ளன. அவையும் ஊர்தி எஞ்சினின் உறுமல் போன்ற ஒரே சீரான ஒலியையே நன்கு அடக்கும். திடீரென வெடிக்கும் பட்டாசை அடக்கா. இவ்வளவும் தெரிந்தபின், கழுத்தில் தொங்கும் காசளவுப் பதக்கம் வீட்டைச் சூழ்ந்த ஒலியை எப்படி விழுங்கும் என்று கேட்பது எவர்க்கும் எளிது.

இனி மனத்தின் அதிர்வு. இங்கும் ஒருவர் வரலாறு சொல்லத்தக்கது. ஜெர்மனியில் ஹான்ஸ் பெர்கர் என்னும் இளைஞர் 1890களின் தொடக்கத்தில் படைப்பயிற்சியில் இருந்தபோது குதிரையிலிருந்து விழுந்தார். பின்னால் பீரங்கி வண்டி வந்துகொண்டிருந்தது, மயிரிழையில் தப்பினார். தொலைவிலிருந்த அவர் தமக்கை அன்று காரணமறியாமல் கலங்கி, தம்பி நலமா என்று தந்தி அடிக்கும்படி தந்தையைத் தூண்டினாராம். தம் அச்சமே அலையாகச் சென்று தமக்கையைத் தொட்டது என்று பெர்கர் நம்பினார். அவ்வலையைத் தேடுவதற்கென்றே மருத்துவம் பயின்று, யேனா நகரில் மனநோய் மருத்துவரானார். முப்பது ஆண்டுக்கும் மேலாயிற்று. 1924இல் மனிதத் தலையின்மேல் மின்வாய் பொருத்தி முதன்முதலாக மூளையின் மின்னலையைப் பதிவு செய்தார்; 1929இல் அதனை வெளியிட்டார். கண்ணை மூடி அமைதியாக இருப்பவரிடம் வினாடிக்கு ஏறத்தாழப் பத்து முறை எழுந்து விழும் அலை அது. வலிப்பு நோயை அறிய இன்று உலகெங்கும் பயன்படும் கருவி அவ்வாறு பிறந்தது.

அவர் தேடியதோ கிடைக்கவில்லை. அந்த மின்னலை ஒரு வோல்ட்டின் பத்து இலட்சத்தில் சில பத்துப் பங்கே. தலைத்தோலில் மின்வாயைப் பசையிட்டு ஒட்டினாலொழிய அது அகப்படாது. அறையைக் கடந்து இன்னொருவர் மனத்தைத் தொடும் ஆற்றல் அதற்கு இல்லை என்பதைப் பெர்கரே உணர்ந்தார். தம் விருப்பத்துக்கு மாறாக வந்த முடிவை மறைக்காமல் வெளியிட்ட அந்த நேர்மையும் வாய்மை விரதத்தின் ஒரு கூறு அன்றோ! பிறர் எண்ணம் அலையாக வந்து தாக்குவதை எந்த அளவியும் காட்டியதில்லை. வராத ஒன்றை உறிஞ்சும் கருவியைச் சோதிப்பதற்கும் வழியில்லை. விற்போருக்கு அதுவே வசதி.

உறிஞ்சாவிட்டாலும் தீங்கில்லையே என்று சிலர் கருதலாம். அப்படியும் சொல்லிவிட முடியாது. அலைபேசிக் கோபுரத்தின் அலைகளிலிருந்து காக்கும் என்று விற்ற பதக்கம், கண்மூடி, குழந்தைகளுக்கான கைவளை முதலிய பத்துப் பொருள்களைச் சோதித்த நெதர்லாந்து நாட்டின் அணுப் பாதுகாப்பு ஆணையம், அவை தாமே கதிரியக்கம் உடையன என்று 2021 திசம்பரில் எச்சரித்தது. அணிவதை உடனே நிறுத்தும்படியும் கூறியது. எதிர்மின் அயனி தருவதாகச் சொல்லும் இத்தகைய பொருள்கள் பலவற்றில் தோரியம், யுரேனியம் சேர்ந்த தாதுப்பொடி கலந்திருப்பது தெரியவந்துள்ளது.

தோரியம் என்றவுடன் குமரி மாவட்டத்தார் நிமிர்ந்து உட்காருவர். மணவாளக்குறிச்சிக் கடற்கரையின் மோனசைட் மணல் தோரியம் உடையது. திருவிதாங்கூரிலிருந்து ஏற்றுமதியான தேங்காய்நார்க் கயிற்றில் ஒட்டிச் சென்ற மணலைக் கண்டு, 1909இல் ஷோம்பர்க் என்னும் ஜெர்மானியர் அதன் மதிப்பை அறிந்தார். அக்காலத்தில் வாயு விளக்குகளின் வலைத்திரிக்குத் தோரியம் தேவைப்பட்டது. திருமண வீடுகளில் எரிந்த பெட்ரோமாக்ஸ் விளக்கின் வலைத்திரியிலும் அதுவே இருந்தது. அந்த மணல் இன்று அரசு நிறுவனத்தின் கட்டுப்பாட்டில் எடுக்கப்படுகிறது. அதைக் கையாள்வதற்குக் கதிர்வீச்சு வரம்புகள் உண்டு. ஓரிடத்தில் அளவி வைத்துக் காக்கும் தாதுவை, இன்னோரிடத்தில் பொடியாக்கிக் காப்புப் பொருள் என்று நெஞ்சின்மேல் அணிவிக்கின்றனர்.

சித்தாந்தம் கற்ற ஒருவர் இங்கே ஒரு தடை எழுப்பக்கூடும். மனமும் மனோவர்க்கணை என்னும் புத்கலத்தால் ஆனது, வினையும் புத்கலம், பொருளைப் பொருள் ஈர்ப்பது இயல்பு, எனவே மன அதிர்வை உறிஞ்சும் கருவி கொள்கையளவில் இயலும் அல்லவா என்பது அத்தடை. நல்ல கேள்வியே. விடை ஊற்று என்னும் சொல்லிலேயே உள்ளது. ஓட்டை விழுந்த படகினுள் நீர் புகுவது போன்றது ஊற்று. ஓட்டையை அடைப்பது செறிப்பு. உள்ளே புகுந்த நீரை இறைப்பது உதிர்ப்பு. கடல்சார்ந்த இம்மாவட்டத்தில் இவ்வுவமைக்கு விளக்கம் வேண்டியதில்லை. படகுக்கு வெளியே கடலில் ஒரு பஞ்சுப் பொதியை மிதக்கவிட்டு, கடல்நீரை அது உறிஞ்சிவிடும் என்று எவரும் நம்பார். புத்கலம் உலகெங்கும் நிறைந்திருக்கிறது; அதனைக் குறைக்க எவராலும் ஆகாது. ஓட்டை எங்கே என்று பார்ப்பதே படகோட்டியின் வேலை. ஓர் உயிரின் வினையை மற்றோர் உயிர் வாங்கிக்கொள்ளல் இயலாது என்று கூறும் சமயம், அதனைச் செப்புச் சுருள் வாங்கிக்கொள்ளும் என்று ஒப்புமா?

ஓட்டையை அடைக்கும் முறைகளையும் ஆசாரியர் வகுத்துவைத்துள்ளனர். மனக்காப்பு, சொற்காப்பு, உடற்காப்பு என்னும் மூன்று குப்திகள் அவற்றுள் முதலாவன. துறவியர்க்கு அவை முழுமையாக உரியன; இல்லறத்தார்க்குச் சாமாயிகம் என்னும் வாயிலாகச் சிறிதளவு உரியன. இரண்டு நாழிகை, அதாவது 48 நிமிடம், ஓரிடத்தில் அமர்ந்து விருப்பையும் வெறுப்பையும் சமமாக நிறுத்தும் பயிற்சி அது. ஆர்த்த தியானம், ரௌத்திர தியானம் என்று நூல்கள் பிரித்துரைக்கும் இரண்டையும் எண்ணினால், 'தீய மன அதிர்வு' என்று இன்று பேசப்படுவதன் உண்மை வடிவம் தெரியும். இழந்ததை எண்ணி எண்ணிக் குமைவது முதலாவது. பிறரைத் துன்புறுத்துவதிலும் ஏமாற்றுவதிலும் இன்பம் காண்பது இரண்டாவது. இவற்றை உடையவர் பக்கத்து வீட்டார் மட்டும் அல்லர்.

ஒலியைச் சமணம் வெறுக்கவில்லை என்பதையும் இவ்விடத்தில் சொல்லிவிட வேண்டும். சமவசரணத்தில் எழும் திவ்வியத்வனி எல்லா உயிர்க்கும் அவ்வவற்றின் மொழியில் விளங்கியது என்பது மரபு. ஒலியே தீமை என்றால் அருகன் வாய்மொழிக்கு இடமேது?

திருச்சாரணத்து மலை, இன்று சிதறால் மலை என வழங்குவது, விளவங்கோடு வட்டத்தில் மார்த்தாண்டத்தை அடுத்து உள்ளது. வந்தவாசி, செஞ்சி, ஆரணிப் பகுதிகளிலிருந்து யாத்திரை வரும் குடும்பங்கள் அதனை அறிவர். பிதுங்கி நிற்கும் பெரும்பாறையின் நிழலில் தீர்த்தங்கரர் திருவுருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பட்டுள்ளன. பார்சுவநாதரும் அம்பிகை இயக்கியும் தனித்துத் தெரிகின்றனர். ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணனின் 28ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டொன்று அங்குள்ளது. பேராயிற்குடி அரட்டநேமி பட்டாரரின் மாணாக்கியாகிய குணந்தாங்கி குரத்திகள் பட்டாரியார்க்குப் பொன்னணி அளித்ததை அது கூறுகிறது. ஒரு பெண் துறவி ஆசிரியராக, குரத்தியாக, பெயர் பொறிக்கப்பட்டு நின்ற மலை அது. கனத்த பாறையைக் காட்டிலும் நல்ல ஒலித்தடுப்பு அக்காலத்தில் வேறில்லை. அதனை முனிவர் நாடினர் என்பதில் ஐயமில்லை. ஆனால் பாறை காது வரையில்தான் காக்கும். ஆளரவமற்ற மலையில் தனித்திருப்பவருக்கு மனத்தின் இரைச்சல் கூடுதலாகவே கேட்கும் என்பதைச் சாமாயிகத்தில் ஒரு நாளேனும் அமர்ந்தவர் அறிவர். நாகர்கோவில் நாகராசா கோயில் தூண்களில் உள்ள மகாவீரரும் பார்சுவநாதரும் நகரின் நடுவே, கூட்டத்தின் இரைச்சலுக்கிடையே, அதே தியானக் கோலத்தில் இருக்கின்றனர்.

இத்தனைக்கும் பிறகு ஒரு கவலை எஞ்சுகிறது. வாரக்கணக்கில் உறக்கம் வராதவர், இல்லாத குரல் கேட்பதாகச் சொல்பவர், யாரோ அலை அனுப்பித் தம்மைத் துன்புறுத்துவதாக அஞ்சுபவர், உயிர்மேல் வெறுப்புக்கொண்டு பேசுபவர் ஆகியோருக்குப் பதக்கமும் தீர்வன்று. சாமாயிகம் செய் என்று அறிவுரை கூறுவதும் தீர்வன்று. அது நோய். அதற்கு மருத்துவர் உண்டு, மருந்து உண்டு. கருவி வாங்கிக் காத்திருக்கும் மாதங்களில் நோய் முற்றுகிறது. ஆகாரம், ஔஷதம், சாத்திரம், அபயம் என்னும் நால்வகைத் தானங்களுள் மருந்தை இரண்டாவதாக வைத்த சமயத்தில், மனநோய்க்கு மருந்து உண்பதை மறைக்கவேண்டிய நாணம் எங்கிருந்து வந்தது? ஆசாரிப்பள்ளத்திலுள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையை அணுகலாம். 2022 அக்டோபரில் ஒன்றிய அரசு தொடங்கிய மனநல உதவி அழைப்பு எண் 14416. எந்நேரமும் கட்டணமின்றித் தமிழில் பேசலாம்.

ஒலியின் பக்கமும் ஒரு கடமை இருக்கிறது. குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவில் 45 டெசிபல் என்பது 2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள் வகுத்த எல்லை. மருத்துவமனை, பள்ளி, நீதிமன்றம் ஆகியவற்றைச் சுற்றி நூறு மீட்டருக்குள் அமைதி மண்டலம் என அறிவித்த இடங்களில் அது 50, 40 எனக் குறையும். பத்து டெசிபல் கூடினால் ஒலியாற்றல் பத்து மடங்காகும்; எனவே 55க்கும் 85க்கும் இடைவெளி முப்பதன்று, ஆயிரம் மடங்கு. திருவிழா நாளில் கூம்புக் குழாய் ஒலிபெருக்கியின் அருகில் நிற்பவர் காதில் 85ஐக் கடந்த ஒலி விழுவது அரிதன்று. அவ்வீதியில் கைக்குழந்தை இருக்கும், இதயநோயாளி இருப்பார், மரக்கிளையில் கூடுகட்டிய பறவை இருக்கும். பூ பறிக்கும்போதும் எறும்பைக் கண்டு கைவிலக்கும் குடும்பங்கள், தம் ஒலி எவ்வுயிர்மேல் விழுகிறது என்பதையும் எண்ணுவது அஹிம்சை விரதத்துக்கு வெளியே உள்ள செய்தியன்று.

அடுத்த ஆண்டு விழாவுக்குக் கூம்புக் குழாய்களை முற்றிலும் விலக்கி, ஆலய முற்றத்துக்குள் மட்டும் கேட்குமாறு சிறு பெட்டி ஒலிபெருக்கிகளை அமைக்கலாம். மண்டபத்தில் எதிரொலி மிகுதியாயின், சபீன் செய்தது போலப் பாயும் திரைச்சீலையும் விரித்துப் பார்த்த பிறகு ஒலியைக் கூட்டுவதா என்று முடிவு செய்யலாம். அபிடேகம் தொடங்குமுன் இரண்டு நாழிகை மின்கருவி எதுவும் இயங்காமல் அனைவரும் சாமாயிகத்தில் அமரலாம். சிறுவர்க்குப் பாதி நேரம் போதும். இவ்வாலோசனைகள் விழாக்குழுவினரின் முன் வைக்கப்படுகின்றன.